சமரசப் பத்திரத்தில் யாருடைய சம்மதம்?

மனைவி கொடுத்த குற்றப் புகாரை ரத்துசெய்யக் கேட்டு கேரள உயர் நீதிமன்றத்துக்குப் போகும் மனுவோடு ஒரு பிரமாணப் பத்திரம் இணைக்கப்படும். ஓரிரு பக்கம்தான். ஆங்கிலத்தில் இருக்கும். எனக்கும் மனுதாரர்களுக்கும் இருந்த பிணக்கு தீர்ந்துவிட்டது, அவர்கள்மீது இனி எனக்கு மனக்குறை எதுவும் இல்லை, வழக்கை ரத்துசெய்வதில் ஆட்சேபம் இல்லை என்று புகார் கொடுத்த பெண் சொல்வதாக அதில் எழுதியிருக்கும். கீழே அவர் கையெழுத்து. அதற்கும் கீழே, என் முன்னிலையில் கையெழுத்திட்டார் என்று ஒரு வழக்கறிஞரின் சான்று. அரசு வழக்கறிஞர் எழுந்து, காவல் நிலையம் மூலம் விசாரித்துவிட்டோம், புகார்தாரரின் வாக்குமூலமும் வாங்கியாயிற்று, சமரசம் உண்மைதான் என்பார். அதோடு வழக்கு முடிந்துவிடும்.

கணவனும் மனைவியும் பேசித் தீர்த்துக்கொண்ட பிறகும் குற்ற வழக்கு தலைக்கு மேல் தொங்குவது யாருக்கும் நல்லதல்ல. சேர்ந்து வாழ முடிவெடுத்தவர்களுக்கும் அப்படித்தான், கௌரவமாகப் பிரிந்தவர்களுக்கும் அப்படித்தான். வாய்தா வாய்தாவாக அலைந்து இருவரின் வயதும் கழிவதில் நீதி எதுவும் இல்லை. அதனால் சமரசத்தின் பேரில் வழக்குகள் முடிவதை நாம் எதிர்க்கவில்லை. நம்மை அஞ்சவைப்பது வேறு. புகார் முதல் ரத்து உத்தரவு வரையுள்ள பாதையில், அந்தப் பெண்ணைத் தனியே உட்காரவைத்து, அவருக்குத் தெரிந்த மொழியில், “இது உன் விருப்பம்தானா அம்மா? பேசிய பணம் கைக்கு வந்ததா?” என்று ஒரு நீதிபதி கேட்டே ஆகவேண்டிய இடம் ஒன்றுகூட இல்லை. இடுக்கி, பாலக்காடு எல்லையோரத் தமிழ்ப் பெண்களுக்கு இந்தக் குறை ஆபத்தாகவே மாறிக்கொண்டிருக்கிறது.

எல்லையோரக் குடும்பங்கள் அமைந்திருக்கும் விதத்தைப் பார்த்தால் இது புரியும். மூணாறு, தேவிகுளம், பீர்மேடு, வண்டிப்பெரியாறு தோட்டத் தொழிலாளர் லயங்களில் பிறந்த பெண்ணுக்கு மாப்பிள்ளை போடியிலோ கம்பத்திலோ உத்தமபாளையத்திலோ அமைகிறார். உடும்பன்சோலை ஏலத்தோட்டங்களுக்கு ஜீப்பில் மலையேறி வேலைக்குப் போகும் குடும்பங்களுக்கு இரு பக்கமும் சொந்தம் உண்டு. பாலக்காட்டுப் பக்கம் கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், மீனாட்சிபுரம், கோவிந்தாபுரம் ஊர்களில் பொள்ளாச்சிக்கும் கோவைக்கும் பெண் கொடுப்பதும் எடுப்பதும் தலைமுறைகளாக நடந்துவருகிறது. பெண் எடுக்கும்போது எவரும் மாநில எல்லையைப் பார்ப்பதில்லை. அடிபட்டுத் தாய்வீடு திரும்பும்போதுதான் அந்த எல்லை குறுக்கே வந்து நிற்கிறது.

கணவன் வீட்டிலிருந்து விரட்டப்பட்ட பெண், தான் அடைக்கலம் புகுந்த ஊரிலேயே, கணவன் வீட்டார் செய்யும் கொடுமையைக் குற்றமாக்கும் 498-ஏ பிரிவில் புகார் கொடுக்கலாம் என்று 2019 ஏப்ரலில் ரூபாலி தேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எல்லையோரப் பெண்களுக்கு அது பெரிய கொடை. கம்பத்தில் வாழ்க்கைப்பட்ட பெண் வண்டிப்பெரியாற்றிலேயே புகார் எழுதிக் கொடுக்கலாம். ஆனால் அந்த வழக்கைச் சமரசத்தில் முடிக்க நினைத்தால் கொச்சியில் உள்ள கேரள உயர் நீதிமன்றத்துக்குத்தான் போகவேண்டும். மூணாற்றில் வாழ்க்கைப்பட்ட போடிப் பெண் தன் ஊரில் புகார் கொடுத்திருந்தால் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகவேண்டும். பொள்ளாச்சியில் பதிவான வழக்கு என்றால் சென்னை. கோவை மாவட்டம் மதுரைக் கிளையின் எல்லைக்குள் வராது.

பக்கத்திலுள்ள தேவிகுளம், பீர்மேடு, சித்தூர், மண்ணார்க்காடு நடுவர் மன்றங்களிலேயே இதை ஏன் முடிக்கக்கூடாது? சட்டம் அனுமதிக்கவில்லை. 1983இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 498-ஏ சேர்க்கப்பட்டபோது, இரு தரப்பும் இசைந்து முடித்துக்கொள்ளக்கூடிய குற்றங்களின் பட்டியலில் அது வைக்கப்படவில்லை. 2024 ஜூலை 1 முதல் அந்தப் பிரிவு பாரதிய நியாய சன்ஹிதாவின் 85, 86ஆம் பிரிவுகளாகிவிட்டது. நிலைமை மட்டும் மாறவில்லை. மக்கள் நீதிமன்றங்களாலும் முடியாது, இசைந்து தீர்க்க இயலாத குற்றங்கள் அவற்றின் அதிகாரத்துக்கு வெளியே இருக்கின்றன. மிஞ்சுவது உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரம் ஒன்றுதான். முன்பு குற்ற நடைமுறைச் சட்டத்தின் 482ஆம் பிரிவில் இருந்தது, இப்போது அதற்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் (பி.என்.எஸ்.எஸ்.) 528இல் இருக்கிறது. மண வாழ்வில் எழுந்த வழக்குகளுக்கு அந்த அதிகாரத்தைப் பயன்படுத்தலாம் என்று 2003இல் பி.எஸ். ஜோஷி தீர்ப்பு வழி திறந்தது. 2012இல் கியான் சிங் தீர்ப்பு அதை உறுதிசெய்தது. கொலை, வன்புணர்வு போன்ற கொடுங்குற்றங்களைச் சமரசத்தால் துடைக்க முடியாது, குடும்பப் பிணக்கிலிருந்து எழுந்த வழக்குகளை முடிக்கலாம் என்று அது கோடு கிழித்தது. நல்ல தீர்ப்புகள்தான். ஆனால் கிராமத்து நடுவர் மன்றத்தில் முடியவேண்டிய ஒரு காரியத்தை மலைக்கு அந்தப் பக்கம் கொண்டுபோய் வைத்துவிட்டன.

அந்தப் பயணத்தின் செலவைத் தோட்டக் கூலியோடு வைத்துப் பார்க்கவேண்டும். 2015இல் 232 ரூபாய் நாட்கூலியை எதிர்த்து மூணாற்றுத் தோட்டத் தொழிலாளர் பெண்கள் தெருவில் உட்கார்ந்து போராடினார்கள். பல வாரம் போராடி வாங்கியது 301 ரூபாய். அந்தக் கூலி பிறகு கொஞ்சம் ஏறியிருக்கிறது. ஆனாலும் கொச்சிக்கு ஒரு நடை என்றால் இரண்டு நாள் வேலை போகும். பஸ் காசு, சாப்பாடு, வக்கீல் செலவு எல்லாம் தனி. பிள்ளையை யாரிடம் விட்டுப் போவது என்பது இன்னொரு கவலை. அதனால் புகார் கொடுத்த பெண் கொச்சிக்குப் போவதில்லை, பத்திரம் மட்டும் போகிறது. ரத்து கேட்கும் மனுவைத் தாக்கல் செய்வது கணவன் தரப்பு. வக்கீல் வைப்பதும் செலவு செய்வதும் அவர்களே. பெண்ணின் பிரமாணப் பத்திரத்தை யார் எழுதியது, எந்த அலுவலகத்தில் தட்டச்சானது, கையெழுத்துப் போடும்போது பக்கத்தில் யார் நின்றார்கள் என்பதெல்லாம் நீதிமன்றத்தின் கண்ணில் படுவதில்லை. மொழி தெரியாதவருக்குப் படித்துக் காட்டி விளக்கினோம் என்று ஒரு வரி இருந்தால் போதும். என்ன மொழியில், எவ்வளவு நேரம் விளக்கினார்கள்? அந்த ஒற்றை வரிக்குப் பின்னால் எதுவும் தெரியாது.

காவல் நிலையத்தில் வாக்குமூலம் வாங்குகிறார்களே என்று கேட்கலாம். யார் வாங்குவது? புகார் கொடுக்கப் போன அன்றே “வீட்டுக்குப் போய்ப் பேசிப் பாருங்கள்” என்று சொன்ன அதே நிலையம். புகாரும் வாக்குமூலமும் மலையாளத்தில் எழுதப்படுகின்றன, பத்திரம் ஆங்கிலத்தில் இருக்கிறது, அந்தப் பெண் பேசுவது தமிழ். அட்டப்பாடியின் இருளர், முடுகர், குறும்பர் ஊர்களில் இதற்கும் மேலே ஓர் அடுக்கு உண்டு. ஊர் மூப்பன் பேசி முடித்ததை மீறி ஒரு பெண் வாய்திறப்பது எளிதல்ல. கேரளத்தின் 1969ஆம் ஆண்டு ஆட்சிமொழிச் சட்டம், மொழிச் சிறுபான்மைப் பகுதிகளில் தமிழர்களும் கன்னடர்களும் அரசு அலுவலகங்களோடு தம் மொழியில் எழுத்துத் தொடர்பு வைத்துக்கொள்ளலாம், பதிலும் அதே மொழியில் வரவேண்டும் என்று சொல்கிறது. ரேஷன் அட்டைக்கு மனு எழுதும்போது கிடைக்கும் அந்த மரியாதை, ஒரு பெண் தன் வழக்கை விட்டுக்கொடுக்கும் பத்திரத்தில் கிடைக்கவில்லை.

பணக் கணக்கைப் பார்த்தால் கவலை இன்னும் கூடுகிறது. சமரசம் என்பது பெரும்பாலும் ஒரு தொகை, கொஞ்சம் நகை, பிள்ளைகள் யாரிடம் இருப்பது என்ற ஏற்பாடு. தொகை தவணையாகப் பேசப்படும். பரஸ்பர விவாகரத்து மனு போடும்போது ஒரு பகுதி, இரண்டாம் முறை நீதிமன்றத்தில் நிற்கும்போது ஒரு பகுதி, பாக்கி வழக்கு முடிந்ததும் என்பார்கள். அந்தக் கடைசித் தவணையில்தான் சூது இருக்கிறது. ரத்து உத்தரவில் கையெழுத்தான பிறகு எழுத்துப் பிழையைத் தவிர வேறெதையும் திருத்தும் அதிகாரம் குற்றவியல் நீதிமன்றத்துக்குக் கிடையாது. பழைய சட்டத்தின் 362ஆம் பிரிவிலும் புதிய சட்டத்தின் 403ஆம் பிரிவிலும் அந்தத் தடை அப்படியே இருக்கிறது. பணம் தராமல் கணவன் ஏமாற்றினால் ரத்தான வழக்கு தானாக உயிர் பெறாது. அந்தப் பெண்தான் புதிதாக ஒரு வழக்குப் போட்டு, புதிதாக அலையவேண்டும். மறுபக்கம், சமரசத்தின் பலனை வாங்கிக்கொண்ட மனைவி குற்ற வழக்கை மட்டும் தொடர முயல்வது நீதிமன்ற நடைமுறையைத் தவறாகப் பயன்படுத்துவது என்று 2004இல் ருச்சி அகர்வால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அது நியாயம். அதே கண்டிப்பு பணம் தராத கணவனுக்கும் இருந்தாகவேண்டும்.

நகைக்கு அலைவது எத்தனை காலம் என்பதற்குக் கேரளத்திலேயே ஒரு கணக்கு இருக்கிறது. 2003இல் மணமான ஒரு பெண்ணின் 89 பவுன், பத்திரமாக வைப்பதாகச் சொல்லி முதல் இரவிலேயே மாமியார் கைக்குப் போனது. குடும்ப நீதிமன்றம் 2011இல் அந்தப் பெண்ணுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. உயர் நீதிமன்றம் அதை மாற்றியது. உச்ச நீதிமன்றம் 25 லட்சம் ரூபாய் கொடுக்கச் சொன்னபோது 2024 ஏப்ரல் ஆகியிருந்தது. மகள் கொண்டுவந்த பொருள் மகளுக்கே சொந்தம் என்று 1985இலேயே பிரதிபா ராணி வழக்கில் தீர்ப்பான விஷயம் இது. டெல்லிவரை போய் வாதாட முடிந்தவருக்கே இருபது ஆண்டு பிடித்தது. லயத்து வீட்டில் இருப்பவர் என்ன செய்வார்? பேசியதில் பாதி வந்தாலும் போதும் என்று வாங்கிக்கொள்வார், கையெழுத்தும் போட்டுவிடுவார்.

உயர் நீதிமன்றம்வரை போக முடியாதவர்களின் கதை இன்னும் மோசம். சமரசம் ஆகிவிட்டது, கொச்சிக்குப் போகக் கையில் காசில்லை, வழக்கோ நடுவர் மன்றத்தில் விசாரணைக்கு வந்துவிட்டது. அப்போது என்ன நடக்கும் என்பது எந்த நீதிமன்ற வளாகத்தில் நிற்பவருக்கும் தெரியும். அந்தப் பெண் கூண்டேறி, அடித்தது யாரென்று ஞாபகமில்லை என்பார். கால் வழுக்கி விழுந்ததில் பட்ட காயம் என்பார். போலீஸ் எழுதியதில் என்ன இருந்ததென்று தெரியாது என்பார். அவரைப் பிறழ் சாட்சி என்று அறிவிப்பார்கள், கணவன் விடுதலையாவான். அப்படிச் சொல்லச் சொல்லி அனுப்புவது பல நேரம் அவருடைய சொந்தக்காரர்களேதான். சமரசம் செய்த ஒரே காரணத்துக்காக ஒரு பெண் சத்தியம் செய்து பொய் சொல்ல வேண்டியிருக்கிறது. உடம்பில் பட்ட அடியைத் தன் வாயாலேயே இல்லை என்கிறார். பின்னாளில் மறுபடி அடி விழுந்து அவர் நிலையத்துக்குப் போனால், முன்பு பொய்ப் புகார் கொடுத்தவர் என்ற பெயர் அவருக்கு முன்னால் அங்கே போய் உட்கார்ந்திருக்கும்.

இதையும் மனத்தில் வைத்துத்தான் புள்ளிவிவரங்களைப் படிக்கவேண்டும். 2014இல் அர்னேஷ் குமார் தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் ஒரு கணக்கை எடுத்துவைத்தது. 2012இல் 498-ஏ பிரிவில் கைதானவர்கள் 1,97,762 பேர். நூற்றுக்கு 93.6 வழக்குகளில் குற்றப்பத்திரிகை தாக்கலானது. தண்டனையில் முடிந்ததோ 15 சதவீதம். அன்றிலிருந்து இந்த 15 சதவீதத்தைக் காட்டி, மற்றவை எல்லாம் பொய் வழக்கு என்று பேசுவது வாடிக்கையாகிவிட்டது. பொய் வழக்குகள் இல்லை என்று நாம் சொல்லவில்லை. எங்கோ வேறு ஊரில் இருக்கும் நாத்தனாரையும் கொழுந்தனையும் புகாரில் சேர்ப்பது நடக்கிறது, உச்ச நீதிமன்றம் 2024 டிசம்பரில் தாரா லட்சுமி நாராயணா வழக்கில் அதைக் கடிந்தும் இருக்கிறது. ஆனால் விடுதலையான வழக்குகளில் எத்தனை, வீட்டில் பேசி முடித்துவிட்டுக் கூண்டில் மௌனமானவை? எந்தப் பதிவேடும் அதைத் தனியே எழுதுவதில்லை. எழுதாமல் விட்டதை வைத்துப் பெண்களைப் பொய்யர்கள் என்பது அநியாயம்.

சமரசம் என்ற சொல்லுக்கு மயங்கி நீதிமன்றமே தடுமாறியதும் நம் பக்கத்தில் நடந்ததுதான். 2015 ஜூனில் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி ஒருவர், வன்புணர்வு வழக்கில் தண்டனை பெற்றவருக்கு, பாதிக்கப்பட்ட பெண்ணோடு சமரசம் பேசுவதற்காக இடைக்கால ஜாமீன் கொடுத்தார். நாடே கொதித்தது. இத்தகைய குற்றத்தில் சமரசத்துக்கு இடமே இல்லை என்று ஜூலை 1ஆம் தேதி மதன்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு அந்த உத்தரவு திரும்பப் பெறப்பட்டது. அது வேறு குற்றம், அதன் கொடுமையும் வேறு. ஆனாலும் அங்கே நடந்தது இதுதான்: அவளைக் கேட்காமலேயே அவளுக்கு எது நல்லது என்று பெரியவர்கள் முடிவு செய்தார்கள்.

காவல் நிலையச் சமரசம் எங்கே போய் முடியக்கூடும் என்பதைக் கேரளம் 2021இல் பார்த்தது. கொல்லம் மாவட்டத்தின் ஆயுர்வேத மருத்துவ மாணவி ஒருவர் வரதட்சணைக் கொடுமையால் உயிரைவிட்டார். அந்த ஆண்டு ஜனவரியில் கணவன் அவருடைய தாய்வீட்டுக்கே வந்து செய்த தகராறு காவல் நிலையம்வரை போய்ச் சமாதானமாகியிருந்தது. பிறகு அவர் கணவனோடு திரும்பிப் போனார். ஜூனில் பிணமாகக் கிடந்தார். 2022 மே மாதம் விசாரணை நீதிமன்றம் அந்தக் கணவனுக்குப் பத்தாண்டு சிறை விதித்தது. அன்று நிலையத்தில் இருந்தவர்களும் நல்லெண்ணத்தோடுதான் சமாதானம் செய்திருப்பார்கள். அதற்குப் பின் அவர் எப்படி இருக்கிறார் என்று விசாரிக்கும் கடமை மட்டும் யாருக்கும் இல்லை.

இப்போது இன்னொரு திருப்பம். 2025 ஜூலையில் ஷிவாங்கி பன்சல் வழக்கில், அலகாபாத் உயர் நீதிமன்றம் 2022இல் வகுத்த வழிமுறைகள் தொடரட்டும் என்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. புகார் வந்ததும் இரண்டு மாதம் கைது கிடையாது, அதற்குள் குடும்ப நலக் குழு ஒன்று இரு தரப்பையும் அழைத்துப் பேசும் என்பது அதன் சாரம். இத்தகைய குழுக்களைச் சட்டத்தில் இடமில்லாதவை என்று 2018இல் அதே உச்ச நீதிமன்றம்தான் நீக்கியது. கைதில் நிதானம் தேவை, ஒப்புக்கொள்கிறோம். ஆனால் அந்த இரண்டு மாதமும் பெண் எங்கே தங்குவார்? மறுபடி அதே வீட்டிலா? தாய்வீட்டில் என்றால் பிள்ளையின் பள்ளிக்கூடம்? அவரைக் குழுமுன் அழைத்துவருவது யார், அவரிடம் தமிழில் பேசப்போவது யார்? இவற்றுக்கு ஏற்பாடு செய்யாமல் எல்லையோர மாவட்டங்களில் இதைக் கொண்டுவந்தால், ஊர்ப் பெரியவர்களின் நெருக்கடிக்கு அரசு முத்திரை குத்தியதாகிவிடும்.

வழி இல்லாமல் இல்லை. சட்ட ஆணையம் 2011இல் தன் 237ஆம் அறிக்கையில் எழுதியதையே 2012இல் 243ஆம் அறிக்கையிலும் திரும்பச் சொன்னது. 498-ஏ குற்றத்தை நடுவர் மன்ற அனுமதியோடு இசைந்து தீர்க்கக்கூடியதாக்க வேண்டும். பெண் மனு கொடுத்ததும் நடுவர் அவரைத் தனியே, முடிந்தால் தம் அறையில் வைத்து, பெண் நீதித்துறை அலுவலரோ சட்டப் பணிகள் ஆணையத்தின் பிரதிநிதியோ உடனிருக்க விசாரிக்கவேண்டும். அவர் சுயமாகத்தான் முடிவெடுத்தார் என்று தெரிந்தால், மூன்று மாதம் தள்ளிவைத்து மறுபடி ஒருமுறை கேட்டுவிட்டுத்தான் முடிக்கவேண்டும். இதைவிடப் பொறுப்பான ஏற்பாடு நமக்குத் தெரியவில்லை. தண்டனைச் சட்டம், நடைமுறைச் சட்டம், சாட்சியச் சட்டம் மூன்றையும் 2023இல் புரட்டிப்போட்ட நாடாளுமன்றம் இந்தப் பரிந்துரையைக் கண்டுகொள்ளவே இல்லை.

நாடாளுமன்றத்துக்காகக் காத்திருக்கவும் தேவையில்லை. உயர் நீதிமன்றங்கள் இன்றைக்கே செய்யக்கூடியவை உண்டு. காணொளி விசாரணைக்குக் கேரள உயர் நீதிமன்றம் 2021இலேயே விதிகள் வகுத்திருக்கிறது. தேவிகுளத்திலோ மண்ணார்க்காட்டிலோ நடுவர் மன்ற அறையில் அந்தப் பெண்ணை உட்காரவைத்து, கணவன் தரப்பு யாரும் இல்லாமல், மொழிபெயர்ப்பாளர் ஒருவரோடு ஐந்து நிமிடம் நீதிபதி பேசினால் போதும், காவல் நிலைய வாக்குமூலத்துக்கு அவசியமே இருக்காது. பேசிய தொகை முழுவதும் நீதிமன்றக் கணக்கில் கட்டியான பிறகே ரத்து உத்தரவு என்று வைத்தால் கடைசித் தவணைச் சூது ஒழியும். பெண்ணுக்குத் தனி வழக்கறிஞர் வேண்டும். அதற்கும் புதுச் சட்டம் வேண்டாம். 1987ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆம் பிரிவின்படி, வருமானம் எவ்வளவாக இருந்தாலும் எந்தப் பெண்ணுக்கும் இலவசச் சட்ட உதவி உண்டு. தாலுகா சட்டப் பணிகள் குழுக்கள் தமிழ் தெரிந்த வழக்கறிஞர்களின் பெயர்களை லயங்களிலும் பஞ்சாயத்து ஜாக்ரதா சமிதிகளிலும் குடும்பஸ்ரீ கூட்டங்களிலும் எழுதி ஒட்டவேண்டும். எலும்பு முறிவு, தீக்காயம், கர்ப்பிணியைத் தாக்குதல் போன்றவை புகாரிலோ மருத்துவச் சான்றிலோ இருந்தால், அந்த வழக்கைக் குடும்பப் பிணக்கு என்று ஒதுக்கிவிடாமல் நீதிபதி மருத்துவ ஆவணங்களைத் தாமே பார்த்துவிட்டு முடிவெடுக்கவேண்டும்.

குற்ற நடைமுறை பொதுப் பட்டியலில் இருப்பது. குடியரசுத் தலைவரின் ஒப்புதலோடு மாநிலமே திருத்தம் கொண்டுவரலாம். ஆந்திரப் பிரதேசம் 2003இலேயே அதைச் செய்து, நீதிமன்ற அனுமதியும் குறைந்தது மூன்று மாத இடைவெளியும் நிபந்தனையாக வைத்து, 498-ஏவை இசைந்து தீர்க்கக்கூடியதாக்கியது. அதே திருத்தத்தைப் புதிய சட்டத்துக்கு ஏற்ப, சட்ட ஆணையம் சொன்ன தனி விசாரணையையும் சேர்த்து, கேரளச் சட்டப்பேரவை நிறைவேற்றவேண்டும். தமிழ்நாடும் கூடவே நிறைவேற்றவேண்டும். ஒரு பக்கம் மட்டும் சட்டம் மாறினால், எந்தப் பக்கம் நெருக்குவது எளிதோ அந்தப் பக்கம் வழக்கு நகரும். குமுளிக்கும் போடிமெட்டுக்கும் வாளையாற்றுக்கும் இரு பக்கமும் வாழும் பெண்கள் ஒரே குடும்பத்துக்காரர்கள். வரும் கூட்டத்தொடரிலேயே இரண்டு அரசுகளும் இதற்கான மசோதாவைக் கொண்டுவரட்டும்.